காபிக்கு முந்தைய வரி

அந்த அம்மாவை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு முதலில் எரிச்சல்தான் வருகிறது. மற்றதெல்லாம் பிறகுதான். பெயரைச் சொல்ல மாட்டேன். சொன்னாலும் உங்களுக்குத் தெரியப்போவதில்லை. லண்டன் நாடக நடிகை, சினிமாவிலும் டிவியிலும் நடித்தவர் என்று எங்களிடம் சொன்னார்கள். நடித்தது உண்மைதான். ஆனால் அவர் திரையில் வரும்போது நீங்கள் ஒரு தும்மல் போட்டால் போதும், அவர் வந்துபோனதே உங்களுக்குத் தெரியாது.

தொண்ணூறுகளின் நடுவில் நான் துபாயில், தேராவில், கிரீக் என்ற கடல்கழியைப் பார்த்து நிற்கும் ஒரு பெரிய ஹோட்டலில் பாங்க்வெட் கேப்டன். கல்யாணம், கம்பெனி விருந்து என்று பெரிய ஹாலில் எது நடந்தாலும் பரிமாறும் வெயிட்டர்களை மேய்ப்பது என் வேலை. குளிர்காலம் வந்தால் இதோடு நாடகமும் சேரும். லண்டனிலிருந்து ஒரு குழு வரும். துபாயில் சில நாள், பிறகு மஸ்கட், பஹ்ரைன், தோஹா என்று ஹோட்டல் ஹோட்டலாகப் போவார்கள். அங்கே வேலை பார்க்கும் வெள்ளைக்காரர்கள் கோட்டு சூட்டோடு வந்து வட்ட மேஜைகளில் உட்கார்ந்து சாப்பிடுவார்கள். சாப்பிட்டு முடித்ததும் நாடகம் தொடங்கும். இடைவேளையில் புட்டிங். நாடகம் முடிந்து ஹால் விளக்கு எரிந்ததும் காபி. நாடகம் வருடா வருடம் வேறு பெயரில் வந்தாலும் எனக்கு எல்லாம் ஒன்றாகத்தான் தெரியும். ஒரு வீடு, நிறையக் கதவுகள், ஒரு கதவில் புருஷன் நுழைந்தால் அடுத்த கதவில் வேறொருத்தன் கால்சட்டையைப் பிடித்துக்கொண்டு ஓடுவான். ஜனங்கள் விழுந்து விழுந்து சிரிப்பார்கள்.

இந்தக் குழுவோடு அந்த அம்மாவும் வருவார். அறுபதை நெருங்கும் வயது. உயரம், ஒல்லி, கழுத்தில் எப்போதும் ஒரு பச்சை ஸ்கார்ஃப். யாரையும் அவர் திட்டி நான் கேட்டதில்லை. குரலை உயர்த்தியதும் இல்லை. ஏதாவது ஒன்று அவர் நினைத்தபடி நடக்கவில்லை என்றால், "பரவாயில்லை டார்லிங், நான் காத்திருக்கிறேன்," என்பார். அதைக் கேட்டால் நான் மற்ற வேலையை மறந்துவிட வேண்டியதுதான். ஏனென்றால் நிஜமாகவே காத்திருப்பார்.

டார்லிங் விஷயத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நாடகக்காரர்களுக்கு எல்லாருமே டார்லிங்தான். வாசலில் நிற்கும் செக்யூரிட்டியும் டார்லிங், ஏசி ரிப்பேர் பார்க்க வந்த பஞ்சாபியும் டார்லிங். ஆனால் எங்கள் சமையலறை ஸ்டோரில் இருந்த கீழக்கரைக்காரருக்கு இதெல்லாம் தெரிந்தும் தெரியாத மாதிரி. எனக்கு மூத்தவர், அவர்கள் ஊரில் அண்ணனைக் கூப்பிடுகிற மாதிரி காக்கா என்றுதான் கூப்பிடுவேன். ஷார்ஜாவில் எங்கள் இருவருக்கும் ஒரே ரூம். காலையில் நான் சமையலறைப் பக்கம் தலைகாட்டினால் போதும்.

"சூசை, ஒன் டார்லிங்குக்கு முட்ட வெந்துடுச்சு. ஆறுறதுக்குள்ள கொண்டு போப்பா."

"காக்கா, சும்மா இருங்க. எல்லாவனும் கேக்கான்."

"கேக்கட்டுமே. நாம என்ன பொய்யா சொல்றோம்."

அந்த முட்டையும் ஒரு கதை. ஆள் பற்றாக்குறை என்று ஒரு சீசனில் காலை நேரத்தில் என்னையும் காபி ஷாப்பில் போட்டிருந்தார்கள். அந்த அம்மாவுக்கு அரைவேக்காட்டில் அவித்த முட்டை வேண்டும். மஞ்சள் கரு ஓட வேண்டும், ஆனால் வெள்ளைக் கரு ஓடக் கூடாது. முதல் முட்டை கெட்டியாகிவிட்டது. மற்றவர்களாக இருந்தால் தின்றுவிட்டுப் போவார்கள், இல்லை சத்தம் போடுவார்கள். இவர் ஸ்பூனைக் கீழே வைத்துவிட்டு இரண்டு கையையும் மடியில் வைத்துக்கொண்டார். இன்னொன்று கொண்டுவந்தேன். அது தண்ணீராக இருந்தது. "பரவாயில்லை டார்லிங்." அடுத்ததும் சரியில்லை. ஹாலே காலியாகி, நாங்கள் மதியச் சாப்பாட்டுக்குத் துணி விரிக்கத் தொடங்கியும் அவர் எழுந்திருக்கவில்லை. கடைசியில் காக்காவே அடுப்புக்கு முன்னால் நின்று ஒரு முட்டையை அவித்துக் கொடுத்தார். அதைத் தின்றுவிட்டு, "பார்த்தாயா, உங்களால் முடிகிறது," என்றார். எனக்கு அந்த முட்டை ஓட்டை அவர் தலையில் போட்டு உடைக்க வேண்டும்போல் இருந்தது.

அவருடைய சினிமா வாழ்க்கை எனக்குத் தெரியவந்தது ஸ்டாஃப் ரூம் டிவியில்தான். ஆங்கிலச் சேனலில் பழைய பிரிட்டிஷ் தொடர் ஒன்று ஓடிக்கொண்டிருந்தது. துப்பறியும் கதை. போலீஸ்காரர் ஒரு வீட்டுக் கதவைத் தட்டுகிறார். கதவு திறக்கிறது. திறந்தது நம்ம அம்மா, இருபது வயது குறைவாக. "அவர் தோட்டத்தில் இருக்கிறார்," என்று சொல்லிவிட்டுக் கதவை விரியத் திறந்தார். அவ்வளவுதான், கேமரா தோட்டத்துக்குப் போய்விட்டது. ரூமில் இருந்தவர்கள் எல்லாரும் கைதட்டினார்கள். மறுநாள் நான் போய்ச் சொன்னபோது அவர் வெட்கப்படவும் இல்லை, பெருமைப்படவும் இல்லை.

"எத்தனையோ கதவு திறந்திருக்கிறேன்," என்றார். "ஒரு படத்தில் பிணமாகக்கூட நடித்தேன். போர்வைக்கு வெளியே பாதம் மட்டும் தெரியும். குளிர்காலம். ஷாட் இப்போது, இதோ இப்போது என்று சொல்லிக்கொண்டே ஒரு வாரம் முழுக்கப் படுக்க வைத்திருந்தார்கள்."

"நடுவில் எழுந்து போயிருக்கலாமே, மேடம்?"

"நான் எழுந்து போன நேரத்தில் ஷாட்டுக்குக் கூப்பிட்டிருந்தால்?"

பாதத்துக்கு இன்னொரு பாதம் கிடைக்காதா என்று கேட்க வாய் வரை வந்தது. மேடம் என்பதால் விழுங்கிக்கொண்டேன்.

நாடகக் குழுவில் அவருக்கு வேலை பதிலி. முக்கிய நடிகைக்கு உடம்பு முடியாமல் போனால் அவருக்குப் பதிலாக மேடை ஏற ஓர் ஆள் வேண்டும் அல்லவா, அந்த ஆள். வசனம் முழுவதும் மனப்பாடமாக இருக்க வேண்டும், உடுப்பு தயாராக இருக்க வேண்டும். மற்ற பதிலிகள் ரூமில் படுத்து டிவி பார்ப்பார்கள், தேவைப்பட்டால் போன் வரும். இந்த அம்மா அப்படியில்லை. தினமும் முழு மேக்கப் போட்டு, உடுப்பு மாட்டி, தலையில் விக் வைத்து, மேடைக்குப் பின்னால் எங்கள் பேன்ட்ரி வாசலில் ஒரு நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பார். ட்ரே தூக்கிப் போகிற வெயிட்டர்கள் எல்லாரும் அவர் காலைச் சுற்றித்தான் போக வேண்டும். நாற்காலியை அந்தப் பக்கம் போடலாமா என்று கேட்டால், அந்தப் பக்கத்திலிருந்து மேடை தெரியாது என்பார்.

ஒரு வருடம் தேரா கடைவீதிக்கு என்னையும் இழுத்துக்கொண்டு போனார். அவருடைய பதிலி உடுப்பின் கையில் ஒரு பட்டன் விழுந்துவிட்டதாம். முக்கிய நடிகையின் உடுப்பில் இருக்கும் அதே மாதிரிக் கொம்புப் பட்டன் வேண்டுமாம். மேடைக்கே போகாத உடுப்புக்கு எதற்கு ஒரே மாதிரிப் பட்டன் என்று வழியெல்லாம் யோசித்தேன். போய்ச் சேர்ந்தபோது மத்தியானம். கடை மூடியிருந்தது. அந்த ஊரில் மதியம் மூடினால் சாயங்காலம்தான் திறப்பார்கள், அது சின்னக் குழந்தைக்கும் தெரியும்.

"நாலு மணிக்கு மேல் வரலாம் மேடம், வாங்க," என்றேன்.

"பரவாயில்லை டார்லிங், நான் காத்திருக்கிறேன்," என்று கடைப்படியில் கைக்குட்டையை விரித்து உட்கார்ந்துவிட்டார்.

எனக்கு அன்றைக்கு இரண்டு டூட்டிக்கு நடுவில் கிடைத்த ஓய்வே அதுதான். தனியாக விட்டுவிட்டுப் போகவும் மனம் வரவில்லை. பக்கத்தில் நின்று, நிழல் எந்தப் பக்கம் நகர்கிறதோ அந்தப் பக்கம் நானும் நகர்ந்துகொண்டிருந்தேன். அப்போதுதான் சொன்னார். இளவயதில் லண்டனில் ஒரு பெரிய நடிகைக்குப் பல வருடம் பதிலியாக இருந்தாராம். ஒவ்வொரு நாள் மாலையும் போய் உட்கார்ந்திருக்கிறார். அந்த நடிகைக்கு ஒரு ஜலதோஷம்கூடப் பிடிக்கவில்லை. ஒரு தடவை படியில் விழுந்து கணுக்கால் வீங்கியிருக்கிறது. இவர் உடுப்பு மாட்டி, மேடை ஓரம் வரை போய்விட்டார். கடைசி நிமிடத்தில் அந்த நடிகை ஊன்றுகோலோடு வந்து, "விலகிக்கொள் கண்ணே," என்று சொல்லிவிட்டு மேடை ஏறிவிட்டாராம்.

"அந்த ஆத்திரத்தில் வேலையை விடவில்லையா?" என்றேன்.

"அன்றைக்கு அவள் எவ்வளவு நன்றாக நடித்தாள் தெரியுமா," என்றார். இவரை வைத்துக்கொண்டு நான் என்ன செய்வேன் என்று ஆகிவிட்டது.

கடைக்காரர் காயல்பட்டினத்துக்காரர். தூங்கி எழுந்து வந்தவர், தன் கடைப்படியில் ஒரு வெள்ளைக்கார அம்மா உட்கார்ந்திருப்பதைப் பார்த்து, ஏதோ புகார் என்று பயந்துவிட்டார். பட்டனுக்காக என்று தெரிந்ததும் பால் சேர்க்காத சுலைமானி டீ வரவழைத்தார். பட்டன் அவரிடம் இல்லை.

இன்னொரு தலைவலி, நாடகக்காரர்களின் சாஸ்திரம். மேடையில் நிஜ மயிலிறகு இருக்கக் கூடாது. எங்கள் ஹாலில் அழகுக்காக வைத்திருந்த மயிலிறகு ஜாடிகளை எல்லாம் அந்த அம்மா தூக்க வைத்தார். நாடகத்துக்கு முன்னால் நல்லபடியாக நடக்கட்டும் என்று வாழ்த்தக் கூடாது. தெரியாமல் நான் ஒரு முறை "ஆல் த பெஸ்ட், மேடம்" என்று சொல்லிவிட்டு, அவர் முகம் போன போக்கைப் பார்த்துப் பயந்துவிட்டேன். மேடைப் பக்கம் சீட்டி அடிக்கக் கூடாது. எங்கள் எலக்ட்ரீஷியன் கான் பாய் பெஷாவர்க்காரர், சீட்டி அடிக்காமல் அவருக்கு ஒரு பல்பு மாட்ட வராது. அந்த அம்மா அவரை வெளியே போய் ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு, கதவைத் தட்டி அனுமதி கேட்டு உள்ளே வரச் சொன்னார். கான் பாய் ஏணியில் நின்றபடியே என்னைப் பார்த்தார். "சூசை பாய், இவங்களுக்கு மண்டை சரியா இருக்கா?" என்று இந்தியில் கேட்டார். அந்த அம்மா ஏணிக்குக் கீழே நின்று காத்திருந்தார். கான் பாய் இறங்கினார், போனார், சுற்றினார், தட்டினார்.

மற்ற நடிகர்கள் யாரும் இதையெல்லாம் கண்டுகொள்வதில்லை. சின்ன வயதுக்காரர்கள் சிரிப்பார்கள். நான் சிரிக்க முடியாது. எங்கள் ஊரில் கடலுக்குப் புறப்படுகிறவனிடம் எங்கே போகிறாய் என்று கேட்டுவிட்டால் அவன் வலையைத் தோளிலிருந்து இறக்கிவிட்டு வீட்டுக்குத் திரும்பிவிடுவான். என் அப்பாவும் அப்படித் திரும்பியிருக்கிறார். இதை ஒரு நாள் காக்காவிடம் சொல்லியிருந்தேன். சொல்லியிருக்கக் கூடாது.

நான் சொல்ல வந்த வருடத்தில் குழு வந்து இறங்கியபோது முக்கிய நடிகை வரவில்லை. காதில் சீழ் பிடித்து, டாக்டர் விமானம் ஏறக் கூடாது என்று சொல்லிவிட்டாராம். அந்த அம்மா இத்தனை வருடம் உட்கார்ந்திருந்தது எதற்கோ, அது கடைசியில் நடந்துவிட்டது. குழுவின் டைரக்டர் இளவயதுக்காரர், எப்போதும் நகம் கடிப்பார். என் முன்னாலேயேதான் அந்த அம்மாவிடம் சொன்னார்: துபாய் முதல் நாள் நீங்கள் நடியுங்கள், நன்றாகப் போனால் மற்ற நாட்களும், மஸ்கட், பஹ்ரைன், தோஹா எல்லாமும் நீங்களே. அந்த அம்மா தலையை ஆட்டிவிட்டு, "மயிலிறகை எடுத்துவிட்டார்களா?" என்று என்னைக் கேட்டார். ஆனால் கழுத்து ஸ்கார்ஃபை முடிந்து அவிழ்த்து, முடிந்து அவிழ்த்து, கை நிற்கவே இல்லை.

எனக்கும் அந்த வருடம் தலைக்கு மேல் கத்தி. உணவுப் பகுதிக்குப் புதிதாக ஒரு ஜெர்மன்காரர் மேனேஜராக வந்திருந்தார். போன வருடம் காபி வருவதற்குள் பாதிப் பேர் எழுந்து போனதை யாரோ அவரிடம் ஓதியிருக்கிறார்கள். "ஹால் விளக்கு எரிந்த நொடியில் காபி நடக்க வேண்டும். இல்லையென்றால் நீ ஸ்டாஃப் கேன்டீனில் சோறு போடப் போகலாம்," என்றார். ஆக விளக்கு எப்போது எரியும் என்று எனக்கு முன்கூட்டியே தெரிய வேண்டும். அது கான் பாய் கையில். கான் பாய் விளக்கைப் போடுவது நாடகத்தின் கடைசி வரியைக் கேட்டு. கடைசி வரி யாருடையது? நம்ம அம்மாவுடையது.

ஒத்திகைக்குப் போய் உட்கார்ந்தேன். கதை முடிகிற இடம் இதுதான். வீட்டுக்குள் ஓடித் திரிந்த ஆட்கள் எல்லாரும் ஒழிந்து, வீட்டுக்காரி தனியாக நிற்கிறாள். போன் அடிக்கிறது. எடுத்துக் கேட்டுவிட்டு, ரிசீவரைக் கீழே வைக்கிறாள். பிறகு கடைசி வரி. அந்த அம்மா ரிசீவரை வைத்தார். வாயை மூடிக்கொண்டார். ஜனங்கள் பக்கம் பார்த்து லேசாகச் சிரித்தார். டைரக்டர் பழகிப்போனவர் மாதிரி, "சரி, லைட்ஸ்!" என்று கத்தினார். கான் பாய் ஹால் விளக்கைப் போட்டார்.

விஷயம் என்னவென்றால், நாடகத்தின் கடைசி வரியை ஒத்திகையில் சொல்லக் கூடாதாம். முதல் நாள், ஜனங்கள் முன்னால்தான் அது முதல் தடவையாக வாயிலிருந்து வர வேண்டுமாம். முன்னாலேயே சொல்லிவிட்டால் நாடகம் அங்கேயே முடிந்துபோகும், பிறகு மேடையில் எழுந்து நிற்காது என்று பழைய ஆட்களின் நம்பிக்கை.

"மேடம், ஒரே ஒரு தடவை," என்று கெஞ்சினேன். "வாய்க்குள்ளேயே சொன்னாலும் போதும். விளக்குப் போடுகிறவருக்குத் தெரிய வேண்டாமா?"

"நான் சொன்னதும் போடச் சொல், டார்லிங்."

"என்ன சொன்னதும்?"

"நாளைக்குத் தெரியும்."

டைரக்டரிடம் போய் வசனத்தாளைப் பார்த்தேன். 'யார் வந்து கேட்டாலும், நான் வீட்டில் இல்லை' என்று இருந்தது. இதற்குத்தானா இத்தனை ஆர்ப்பாட்டம் என்று இருந்தது எனக்கு. கான் பாயிடம் அதை இந்தியில் விளக்கி, ஆங்கிலத்திலும் சொல்லிக் காட்டினேன். அவர் தலையாட்டினார். ஆனால் ஒத்திகை நடந்தபோதெல்லாம் ரிசீவர் கீழே போகும், டைரக்டர் கத்துவார், அவர் விளக்கைப் போடுவார். காதில் ஏறியது ஒன்று, கை பழகியது வேறொன்று.

மத்தியானம் ஸ்டோரில் போய்ப் புலம்பினேன்.

"காக்கா, அந்தம்மா கடைசி வசனத்த மட்டும் சொல்ல மாட்டேங்காவ. நான் காபிய எப்ப விட?"

"ஒங்க வாப்பாகிட்ட எங்க போறீங்கண்டு கேட்டா கடலுக்குப் போகாமத் திரும்பிடுவாருண்டு நீதானப்பா சொன்னா. அதும் இதும் ஒண்ணுதான்."

"எங்கப்பா இருநூறு பேருக்குக் காபி குடுக்க வேண்டியதில்ல காக்கா."

முதல் நாள் வந்தது. ஹால் நிறைந்திருந்தது. அந்த அம்மா நன்றாக நடித்தாரா என்று சொல்ல எனக்குத் தகுதியில்லை. ஆனால் எந்த நாடகத்துக்கும் தலைதிருப்பாத எங்கள் வெயிட்டர்கள் அன்றைக்குப் பேன்ட்ரி வாசலில் கூடி நின்று பார்த்தார்கள். புடலங்காய் மாதிரி நீண்டிருந்த அந்த உடம்பு மேடையில் எப்படித்தான் அவ்வளவு வேகமாகத் திரும்பியதோ தெரியவில்லை. ஜனங்கள் சிரித்த சிரிப்பில் அவர் அடுத்த வரியைச் சொல்லவே சற்று நேரம் பிடித்தது. இடைவேளையில் புட்டிங் பரிமாறும்போது எல்லா மேஜையிலும் அவர் பேச்சுத்தான். இரண்டாம் பாதியில் மட்டும் அவர் கொஞ்சம் மெதுவாகப் பேசுவதுபோல எனக்குப் பட்டது. ஒவ்வொரு வரியையும் விடுவதற்கு மனமில்லாதவர் மாதிரி பேசினார். களைப்பு என்று நினைத்துக்கொண்டேன்.

கடைசிக் காட்சி. போன் அடித்தது. எடுத்தார், கேட்டார், ரிசீவரைக் கீழே வைத்தார். வைத்துவிட்டு, வரியைச் சொல்லாமல், ரிசீவர் மேல் கையை வைத்தபடி நின்றார். அந்த இடத்தில் அவர் எவ்வளவு நேரம் நிறுத்துவார் என்று யாருக்கும் தெரியாது, யாரும் கேட்டதே இல்லையே. கான் பாயின் கை அது பாட்டுக்கு வேலையைப் பார்த்தது. ஹால் முழுவதும் பளீரென்று விளக்கு எரிந்தது.

ஜனங்கள் முடிந்தது என்று நினைத்துக் கைதட்டினார்கள். விளக்கைப் பார்த்த என் வெயிட்டர்கள், சொல்லிக் கொடுத்தபடி, வரிசையாகக் காபியோடு உள்ளே நடந்தார்கள். அன்றைக்கென்று அவ்வளவு ஒழுங்கு. வாசலில் நின்ற ஜெர்மன்காரர் கைக்கடிகாரத்தைப் பார்த்துத் திருப்தியாகத் தலையாட்டினார். நான் மேடையைப் பார்த்தேன்.

அந்த அம்மா அசையவில்லை. ரிசீவர் மேல் வைத்த கை வைத்தபடி இருந்தது. கைதட்டலுக்கு வணங்கவில்லை. பக்கத்திலிருந்து டைரக்டர் வணங்கு வணங்கு என்று சைகை காட்டினார். அவர் பார்க்கவில்லை. வணங்க வர வேண்டிய மற்ற நடிகர்கள் கதவுக்குப் பின்னாலேயே நின்றுவிட்டார்கள். நான் கான் பாய்க்கு விளக்கை அணைக்கச் சைகை செய்தேன். ஜெர்மன்காரர் ஓடிவந்து என் கையைப் பிடித்தார். "சுடு காபி கையில் இருக்கிறது. இருட்டில் யார் மேலாவது ஊற்றினால் நீயா பதில் சொல்வாய்? காபியை நிறுத்தாதே." அவர் சொன்னதும் நியாயம்தான்.

கைதட்டல் ஓய்ந்தது. சர்க்கரை வேண்டுமா, பால் வேண்டுமா என்று வெயிட்டர்கள் கேட்டுக்கொண்டு போனார்கள். ஸ்பூன் சத்தம். பேச்சு. ஒருவர் சுருட்டுப் பற்ற வைத்தார். மேடையில் முழு வெளிச்சத்தில் ஒரு வயதான பெண் போனைப் பிடித்துக்கொண்டு நிற்கிறாள். போதும் அம்மா, இறங்கிவிடுங்கள், எல்லாருக்கும் மானம் போகிறது என்று மனதுக்குள் கத்தினேன். எனக்கு அவர் மேல் வந்த கோபத்தை அளந்து சொல்ல முடியாது. அவர் மட்டும், அந்த முட்டைக்குக் காத்திருந்த மாதிரி, பட்டன் கடைப்படியில் உட்கார்ந்திருந்த மாதிரி, சாதாரணமாக நின்றுகொண்டிருந்தார்.

முதலில் மேடைக்குப் பக்கத்து மேஜை அமைதியானது. அவர்களில் ஒரு பெண் புருஷனின் கையைத் தொட்டு மேடையைக் காட்டினாள். அவர் காபிக் கோப்பையைச் சத்தமில்லாமல் வைத்தார். அடுத்த மேஜை. அதற்கடுத்தது. சுருட்டுக்காரர் சுருட்டை வாயிலிருந்து எடுத்தார். என் வெயிட்டர்கள் கெட்டிலை ஊற்றப்போன நிலையிலேயே நிறுத்திக்கொண்டு என்னைப் பார்த்தார்கள். ஜெர்மன்காரரும் மேடையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

அந்த அம்மா ஹாலை ஒரு முறை, இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை, காபிக் கெட்டிலோடு நிற்கும் எங்களையும் சேர்த்துப் பார்த்தார்.

"யார் வந்து கேட்டாலும்," என்றார், "நான் வீட்டில் இல்லை."

அப்படி ஒரு சிரிப்பை நான் அந்த ஹாலில் அதற்கு முன்னும் கேட்டதில்லை, பின்னும் கேட்டதில்லை. மேஜையில் இருந்த கண்ணாடித் தம்ளர்கள் அதிர்ந்தன. எழுந்து நின்று தட்டினார்கள். என்னையறியாமல் நானும் சிரித்துவிட்டேன், கையில் பால் ஜாடியோடு.

ஜெர்மன்காரர் சிரிக்கவில்லை. காபியெல்லாம் ஆறிப்போய்த் திரும்பவும் ஊற்ற வேண்டியதாகிவிட்டது. காலையில் அறைக்கு வா என்றார். காலையில் அங்கே போய் வாங்கிக் கட்டிக்கொண்டு, அந்தச் சூட்டோடு அந்த அம்மாவிடம் இரண்டு வார்த்தை கேட்டுவிடுவது என்று காபி ஷாப்புக்கு நடந்தேன். உங்கள் சாஸ்திரத்துக்கு என் வேலைதானா கிடைத்தது என்று கேட்பதற்கு ஆங்கிலத்தில் வாக்கியங்களைக்கூட அடுக்கி வைத்திருந்தேன்.

ரிசப்ஷனில் பெட்டிகள் இறங்கிக்கொண்டிருந்தன. நல்ல அழகான ஒரு பெண்மணி, கறுப்புக் கண்ணாடியும் ஒரு காதில் பஞ்சுமாக நின்றார். அவர் முகம் எனக்கே டிவியில் பழக்கப்பட்டது. டைரக்டர் பக்கத்தில் நின்று நகம் கடித்துக்கொண்டிருந்தார். அந்தப் பெண்மணி லிஃப்டில் ஏறியதும் டைரக்டர் என்னைப் பார்த்துத் தோளைக் குலுக்கினார்.

"காது சரியாகிவிட்டதாம். இரவே விமானம் ஏறிவிட்டாள்," என்றார். "போஸ்டரில் இருப்பது அவள் பெயர். பணம் போடுகிறவர்களுக்கும் அவள்தான் வேண்டும்."

"ஆனால் நேற்று..." என்றேன்.

"நேற்று பிரமாதம். தெரியும். ஆனால் நேற்று இடைவேளையிலேயே எனக்குப் போன் வந்துவிட்டது. நான் முட்டாள், உடனே போய் அவரிடம் சொல்லிவிட்டேன். முடியும்வரை பொறுத்திருக்கலாம்."

அப்படியென்றால் இரண்டாம் பாதி முழுவதும் அந்த அம்மாவுக்குத் தெரியும். போனை வைத்துவிட்டு நின்றபோதும் தெரியும். அந்த வரியை இனி எந்த மேடையிலும் சொல்லப்போவதில்லை என்று தெரிந்துதான் நின்றிருக்கிறார். அடுக்கி வைத்த ஆங்கில வாக்கியங்கள் ஒன்றுக்கும் உதவாமல் போயின. கோபமும் போகவில்லை. அதை யார் மேல் இறக்கி வைப்பது என்றுதான் தெரியவில்லை. அந்த டைரக்டரின் நகத்தை எல்லாம் பிடுங்க வேண்டும்போல் இருந்தது. அந்த அம்மா ஜன்னலோர மேஜையில் ஸ்பூனைக் கீழே வைத்துவிட்டு, கையை மடியில் கட்டிக்கொண்டு, முட்டைக்காக உட்கார்ந்திருந்தார். நானே உள்ளே போய் அவித்துக் கொண்டுவந்தேன். சரியில்லை என்றார். திரும்பப் போனேன்.

மற்ற நாட்களில் எல்லாம் ஒழுங்காக நடந்தது. வந்த நடிகைக்கு எந்தச் சாஸ்திரமும் இல்லை. மத்தியான ஒத்திகையிலேயே கடைசி வரியைச் சத்தமாகச் சொல்லி, கான் பாய்க்குக் கை காட்டிப் பழக்கிவிட்டார். அந்த நேரத்தில் நம்ம அம்மா எழுந்து ஹாலுக்கு வெளியே போய் நின்றுகொண்டார். மாலையில் முழு மேக்கப், விக், உடுப்போடு பேன்ட்ரி வாசலில் அதே நாற்காலியில் வந்து உட்கார்ந்துவிட்டார். வெயிட்டர்கள் அவர் காலைச் சுற்றிப் போனார்கள். கடைசி நாள் வரை காபி ஒரு நாளும் பிந்தவில்லை. ஜெர்மன்காரர் என் தோளில் தட்டினார். வந்த நடிகைக்குக் காதுவலி திரும்ப வரவே இல்லை.

துபாயில் கடைசி நாள் நான் கெட்டிலைத் தூக்கிக்கொண்டு அவர் நாற்காலிக்குப் பக்கத்தில் நின்றேன். மேடையில் ரிசீவர் கீழே போனது. வரி உடனே வந்தது. விளக்கு எரிந்தது. கைதட்டினார்கள். எல்லாம் அச்சுப் பிசகாமல் நடந்தது. ஆனால் அந்த வரிக்கு யாரும் சிரிக்கவில்லை.

எனக்குப் பொறுக்கவில்லை. குனிந்து, மெதுவாகத்தான் சொன்னேன்: "மேடம், நீங்கள் சொன்ன அன்றைக்குத்தான் இதற்குச் சிரித்தார்கள்."

அவர் என் பக்கம் திரும்பவே இல்லை. கண் மேடையிலேயே இருந்தது. ஒரு கையை நீட்டி என் கெட்டிலுக்குக் குறுக்கே வைத்து மறித்தார். "பேசாதே டார்லிங்," என்றார். "அவள் இன்னும் வணங்கி முடிக்கவில்லை."

வாசலில் ஜெர்மன்காரர் கைக்கடிகாரத்தைத் தூக்கிக் காட்டினார். மற்ற வெயிட்டர்கள் என் முகத்தைப் பார்த்து நின்றார்கள். அந்த நடிகை வணங்கி முடிக்கும்வரை நான் நகரவில்லை. அன்றைக்குக் காபி பிந்தித்தான் போனது.